ஐஸ்கிரீம் டப்பாவில் வந்த மரவட்டைக் குஞ்சுகள்: பிரிட்டன் வாழ் தமிழ்க் குடும்பங்களுக்கு ஒரு திறந்த மடல்



ஜூலைக் கடைசியில் பெரும்பாலான பள்ளிகள் மூடுகின்றன. வகுப்பறையில் ஆப்பிரிக்கப் பெருமரவட்டை வைத்திருக்கும் ஆரம்பப் பள்ளிகள் சில, தொட்டியில் பொரித்துக் கிடக்கும் குஞ்சுகளை விடுமுறைக்கு முன்பே பிள்ளைகளிடம் பகிர்ந்து கொடுத்துவிடுகின்றன. உங்களில் பலர் வீட்டுக்கு அப்படித்தான் ஒரு ஐஸ்கிரீம் டப்பா வந்து சேர்ந்திருக்கும். உள்ளே ஒரு பிடி தேங்காய் நார்த்தூள், மேலே ஒரு வெள்ளரித் துண்டு, அடியில் எங்கோ வெள்ளையாக நெளியும் சில குஞ்சுகள். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளி வாசலில் என்னை நிறுத்திப் பேசுகிறவர்கள் இந்த டப்பாவைப் பற்றித்தான் கேட்கிறார்கள். என்ன கொடுப்பது, தினமும் தண்ணீர் தெளிக்க வேண்டுமா, ஒன்றையும் காணவில்லையே, செத்துப்போய்விட்டதா? வாசலில் நின்றபடி சொல்லி முடிக்கிற விஷயம் இல்லை என்பதால் எழுதுகிறேன்.

முக்கியமானதை முதலில் சொல்லிவிடுகிறேன். அந்தத் தேங்காய் நார்த்தூளில் குஞ்சுக்குச் சத்து ஒன்றும் கிடையாது. ஈரத்தைப் பிடித்து வைக்கும், அவ்வளவுதான். மரவட்டைக் குஞ்சு தான் படுத்திருக்கும் மண்ணையே தின்று வளர்கிற உயிர். மக்கிய இலை, உளுத்த மரம், அவற்றின் மேல் படரும் பூஞ்சை, பெரிய மரவட்டைகள் போட்ட எச்சம், இவைதான் அதன் சாப்பாடு. வெள்ளரித் துண்டு தின்பண்டம். வெறும் நார்த்தூளில் விட்ட குஞ்சுகள் முதலில் நன்றாக இருப்பதுபோலவே தெரியும். பிறகு ஒவ்வொன்றாகக் குறையும். பிள்ளை ஆசையோடு தினமும் வெள்ளரி வைத்திருப்பாள். அவள் மீது எந்தத் தப்பும் இல்லை. டப்பாவில் மண் இல்லாததுதான் காரணம்.

பாட்டிமார் சிலர் இதைப் பார்த்ததும் பூரான் என்று பதறுகிறார்கள். பூரானுக்கு ஒரு வளையத்துக்கு ஒரு ஜோடிக் கால். அது வேட்டையாடும், விஷமுண்டு, வேகமாக ஓடும். மரவட்டைக்குப் பெரும்பாலான வளையங்களில் இரண்டு ஜோடிக் கால்கள். அது கொட்டாது, விரட்டிக் கடிக்காது. தொட்டால் சுருண்டுகொள்ளும். ரொம்பத் தொந்தரவு செய்தால் உடலின் பக்கவாட்டுத் துளைகளிலிருந்து பழுப்பான ஒரு நீரைக் கசியவிடும். அதில் பென்சோகுவினோன் என்ற வேதிப்பொருள் வகை இருக்கிறது. தோலில் கறை படும், கண்ணில் பட்டால் எரியும். தொட்டால் சோப்புப் போட்டுக் கையைக் கழுவ வேண்டும், கழுவும்வரை கண்ணைக் கசக்கக் கூடாது. இதைப் பிள்ளைக்குப் பழக்கிவிட்டால் பாட்டி பயப்பட வேண்டியதில்லை.

இப்போது உங்கள் கையில் இருப்பது என்ன என்று பாருங்கள். வகுப்பறைகளில் அதிகம் வளர்க்கப்படுவது ஆர்க்கிஸ்பைரோஸ்ட்ரெப்டஸ் ஜைகஸ் என்ற கிழக்கு ஆப்பிரிக்க இனம். கென்யாவிலிருந்து மொசாம்பிக் வரை அதன் தாயகம். வளர்ந்தால் 30 சென்டிமீட்டரையும் தாண்டும், கால்கள் ஏறத்தாழ 250 இருக்கும். தாய் மண்ணுக்குள் முட்டையிடும். பொரிக்க ஏறக்குறைய 3 மாதம் ஆகும். பொரிந்து வரும்போது குஞ்சுக்குக் கால் ஒன்றுகூடக் கிடையாது. அசையாமல் கிடக்கும் அந்த நிலையையும் உரித்துக்கொண்டு வெளிவந்த பிறகுதான் மூன்றே மூன்று ஜோடிக் கால்களோடு நடக்கத் தொடங்கும். ஆறு காலில் தொடங்கும் உயிர் ஒவ்வொரு முறை தோலுரிக்கும்போதும் புதிய வளையங்களைச் சேர்த்துக்கொண்டு, அந்த வளையங்களில் கால்களை முளைக்கவைத்துக்கொண்டு வளர்கிறது.

ஒரு பூதக்கண்ணாடி வாங்கிக் கொடுங்கள். தானாகவே மேலே வந்து கண்ணாடிச் சுவரில் ஊரும் ஒரு குஞ்சைப் பிள்ளை உற்றுப் பார்க்கட்டும். உடல் பால் வெள்ளையாக, ஒளி ஊடுருவும்படி இருக்கும். நடுவில் இருட்டாக ஒரு கோடு ஓடும். அது வயிற்றில் இருக்கும் மண். இரண்டு பக்கமும் பழுப்புப் புள்ளிகள் வரிசையாகத் தெரியும். அவைதான் அந்தக் கசியும் நீரின் சுரப்பிகள். வாலை ஒட்டிய சில வளையங்களில் கால் இருக்காது. அடுத்த தோலுரிப்பில் கால் முளைக்கப் போகிற இடங்கள் அவை. என் மகள் அந்த வெற்று வளையங்களைத்தான் முதலில் கவனித்தாள். சில மாதங்கள் கழித்து, வளர்ந்த ஒன்று சுவரில் ஊர்ந்தபோது, புள்ளிகள் கூடியிருக்கின்றன என்று அவளே எண்ணிச் சொன்னாள். பாடப் புத்தகம் தராத ஒன்றை அந்தப் புள்ளிகள் அவளுக்குத் தந்தன.

ஓர் எச்சரிக்கை. உங்கள் தோட்டத்து மண்ணிலேயே வெளிறிய உடலும் பக்கங்களில் செம்புள்ளிகளும் கொண்ட ஒரு மரவட்டை உண்டு. பிளானியூலஸ் கட்டுலேட்டஸ் என்பது அதன் பெயர். மிக ஒல்லி, ஒரு மில்லிமீட்டர் தடிமன்கூட இருக்காது. பூங்காவிலிருந்து அள்ளிவரும் இலையோடு அதுவும் வந்து சேர்ந்து, ஆப்பிரிக்கக் குஞ்சு என்று உங்களை ஏமாற்றும்.

சரி, மண்ணுக்கு வருவோம். நான் அதிகம் எழுத நினைப்பது இதைப் பற்றித்தான்.

இலை என்றால் ஓக், பீச் மர இலைகள். இந்த நாட்டில் இரண்டுக்கும் பஞ்சமில்லை. அக்டோபர், நவம்பரில் உதிர்ந்து பழுப்பேறிய இலைகளை மூட்டையாகச் சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள். சாலையோர இலை வேண்டாம். பூச்சிமருந்து தெளிக்கும் தோட்டத்து இலையும் வேண்டாம். பைன் போன்ற ஊசியிலை மரங்களின் இலையோ கட்டையோ அறவே கூடாது, அவற்றின் பிசின் ஆகாது. இப்போது ஜூலையில் இலைக்கு எங்கே போவது என்று கேட்பீர்கள். ஓக் மரத்தடியில் மேல் அடுக்கை விலக்கினால், போன வருஷத்து இலை கருத்து, மெலிந்து, நரம்பு தெரியக் கிடக்கும். குஞ்சுக்கு அதுதான் இன்னும் நல்லது. புதிதாக உதிர்ந்த மொரமொரப்பான இலையைக் கடிக்க அதன் வாய்க்கு வலுவில்லை.

மரம் என்றால் கையால் அழுத்தினாலே உதிர்ந்துபோகும் வெளிறிய உளுத்த மரம். வெண்பூஞ்சை தின்று மென்மையாக்கிய கட்டை அது. கடினமாக இருந்தால் பயனில்லை. ஆனால் கண்ட இடத்தில் எடுத்துவிடாதீர்கள். ரிச்மண்ட் பார்க், எப்பிங் ஃபாரஸ்ட் போன்ற இடங்களில் விழுந்த மரங்களை வேண்டுமென்றே அப்படியே விட்டுவைக்கிறார்கள். மான்கொம்பு வண்டு போன்றவை அந்தக் கட்டைகளுக்குள்தான் ஆண்டுக்கணக்கில் புழுவாக வாழ்கின்றன. நம் குஞ்சை வளர்க்க அவற்றின் வீட்டைப் பெயர்த்துக்கொண்டு வரக் கூடாது. தோட்டம் வைத்திருக்கும் நண்பர் வீட்டில் பழைய ஆப்பிள் மரமோ பிர்ச் கட்டையோ மக்கிக் கிடக்கும், கேட்டுப் பாருங்கள்.

இலையையும் மரத்தையும் கையால் நொறுக்கிப் பாதிக்கு மேல் இருக்கும்படி எடுத்து, மீதிக்கு உரம் சேர்க்காத மண்ணையும் கொஞ்சம் நார்த்தூளையும் கலக்க வேண்டும். கடையில் விற்கும் தொட்டிச் செடி மண்ணில் உருண்டை உருண்டையாக ரசாயன உரம் கலந்திருக்கும். பையின் பின்பக்கத்தைப் படித்துப் பார்க்காமல் வாங்காதீர்கள். இதோடு சுண்ணாம்புச் சத்து வேண்டும். மரவட்டையின் மேலோடு கால்சியத்தால்தான் இறுகுகிறது. அடிக்கடி தோலுரிக்கும் குஞ்சுக்கு அந்தத் தேவை அதிகம். முட்டை ஓட்டைக் கழுவிக் காயவைத்து மிக்ஸியில் மாவாக அரைத்துக் கலந்துவிடலாம். பறவைகளுக்கு விற்கும் கணவாய் ஓட்டைச் சுரண்டிப் போட்டாலும் சரி.

இத்தனையும் செய்தாலும் ஒன்று குறையும்: பள்ளித் தொட்டியின் பழைய மண். பெரிய மரவட்டைகள் தின்று கழித்த எச்சம் நிறைந்த அந்தக் கரிய மண்ணைத்தான் குஞ்சுகள் முதலில் தின்கின்றன. இலையைச் செரிக்க உதவும் நுண்ணுயிர்கள் அதில்தான் நிறைய இருக்கின்றன. டப்பாவில் வந்த குஞ்சுகளோடு அந்த மண் வரவில்லையென்றால், பள்ளியில் கேட்டு இரண்டு கை அள்ளி வாங்கி வாருங்கள். அசுத்தம் என்று நினைத்துப் பழைய மண்ணைக் கொட்டிவிட்டுப் புது மண் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். நம் வீடுகளில் சுத்தம் என்றால் கழுவிக் கொட்டுவதுதான், அதனால் அந்த எண்ணம் இயல்பாகவே வருகிறது. மரவட்டைத் தொட்டியில் அது குஞ்சுகளைப் பட்டினி போடுவதற்குச் சமம். மண் நாறினால் மட்டும் மாற்றலாம். நல்ல மண்ணுக்கு மழை பெய்த காட்டு வாசனை இருக்கும்.

ஆழம் ஐந்தாறு அங்குலமாவது இருக்கட்டும். குஞ்சு சின்னது, அதற்கு எதற்கு இவ்வளவு ஆழம் என்று கேட்காதீர்கள். மேல் மண் காயும்போது கீழே போக அதற்கு இடம் வேண்டும்.

ஈரத்துக்கு நம் சமையலறை அளவுகோலே போதும்: புட்டுமாவுப் பதம். கையில் பிடித்தால் பிடிபட வேண்டும், உதிர்த்தால் உதிர வேண்டும், விரல் இடுக்கில் தண்ணீர் வரக் கூடாது. மரவட்டையின் மேல்தோலில் பூச்சிகளுக்கு இருப்பதுபோல நீரைத் தடுக்கும் மெழுகுப் படலம் போதுமான அளவு இல்லை. மூச்சுத் துளைகளையும் அதனால் நன்றாக மூட முடியாது. பெரியது ஒரு நாள் வறட்சியைத் தாங்கும், சில மில்லிமீட்டர் நீளமுள்ள குஞ்சு தாங்காது. அதற்காகக் குளமாக்கினால் மண்ணுக்குள் காற்று இல்லாமல் மூச்சு முட்டிச் சாகும். தினமும் மேலே தெளிப்பதைவிட, வாரம் ஒரு முறை ஒரு மூலையில் கொஞ்சம் தண்ணீர் ஊற்றிவிடுவது மேல். அடியில் ஈரமும் மேலே சற்று உலர்வும் இருந்தால், எங்கே இருக்க வேண்டும் என்பதைக் குஞ்சே முடிவு செய்துகொள்ளும். மழைத் தண்ணீர் கிடைத்தால் அதையே ஊற்றுங்கள். மூடியில் போடும் காற்றுத் துளைகளை நுண்ணிய வலையால் மூடுங்கள், இல்லையென்றால் குஞ்சு வெளியேறும், ஈ உள்ளே வரும்.

22 முதல் 28 டிகிரி வெப்பம் போதும். குளிர்காலத்தில் ரேடியேட்டர் பக்கத்தில் வைத்தால் ஒரே வாரத்தில் மண் காய்ந்துவிடும். சூடாக்கும் விரிப்பு வாங்கினால் அதைத் தொட்டிக்கு அடியில் வைக்காதீர்கள். மரவட்டை சூட்டிலிருந்து தப்பக் கீழேதான் தோண்டிப் போகும். அடியிலும் சூடு என்றால் அது போக இடமில்லை. விரிப்பைப் பக்கச் சுவரில் ஒட்டுங்கள்.

அடுத்து, பிள்ளைகளுக்கு மிகவும் கடினமான விஷயம். தோண்டாதீர்கள்.

காணவில்லை என்ற கவலை எனக்குப் புரிகிறது. ஆனால் மண்ணுக்குள் காணாமல் இருப்பதுதான் குஞ்சின் வேலை. தோலுரிக்க அது மண்ணுக்குள் ஒரு சின்ன அறையைக் கட்டிக்கொள்கிறது. உள்ளே பழைய தோலைப் பிளந்து வெளியே வரும்போது உடல் வெளுத்து, தொட்டாலே நசுங்கும்படி இருக்கும். கால்கள்கூடத் தாங்காது. அந்த அறைக்குள்ளேயே கிடந்து, கழற்றிய தோலைத் தின்று, அதிலிருக்கும் கால்சியத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டு, மெல்ல இறுகும். குஞ்சுக்கு இது நாள்கணக்கிலும் பெரியதற்கு வாரக்கணக்கிலும் நடக்கும். அந்த நேரத்தில் ஒரு கரண்டி உள்ளே போனால் அறை இடியும். இடிந்த அறையில் கிடக்கும் வெள்ளைக் குஞ்சு பெரும்பாலும் பிழைக்காது. இறந்துவிட்டதோ என்று பார்ப்பதற்காகத் தோண்டியே எத்தனையோ குஞ்சுகள் இறக்கின்றன.

தோண்டாமல் தெரிந்துகொள்ள வழி இருக்கிறது. கண்ணாடி அல்லது தெளிவான பிளாஸ்டிக் தொட்டி வையுங்கள். ஒரு பக்கச் சுவரைக் கறுப்புத் தாளால் மூடி வையுங்கள். இருட்டான அந்தச் சுவரை ஒட்டி அவை சுரங்கம் போடும். ராத்திரி தாளைத் தூக்கி டார்ச் வெளிச்சத்தில் ஒரு நிமிடம் பார்த்துவிட்டு மூடிவிடலாம். இலைகளில் நரம்பு மட்டும் மிஞ்சுகிறதா, மண்ணில் சின்னச் சின்ன எச்சக் குருணைகள் கூடுகின்றனவா? கூடினால் குஞ்சுகள் நலம். என் மகளுக்கு நாள்காட்டியில் குறித்து வைக்கும் பழக்கம் இப்படித்தான் வந்தது.

மேலே தின்பண்டம் வைப்பதும் பார்ப்பதற்கு ஒரு வழிதான். வெள்ளரி, பூசணி, காரட், காளான், எதுவானாலும் விரல் நக அளவு போதும். மறுநாளோ அதற்கு அடுத்த நாளோ எடுத்துவிடுங்கள். அழுகினால் சிற்றுண்ணிகள் பெருகும், மண் ஈக்கள் வரும். எலுமிச்சை, ஆரஞ்சு வேண்டாம். ஸ்பிரிங்டெயில் எனப்படும் துள்ளும் பொடிப்பூச்சிகளைக் கொஞ்சம் வாங்கிவிட்டால் பூசணத்தை அவை தின்று தொட்டியைப் பார்த்துக்கொள்ளும். மரப்பேன் எனப்படும் உட்லௌஸை மட்டும் குஞ்சுத் தொட்டியில் சேர்க்காதீர்கள். அவற்றில் சில இனங்கள் புரதத்துக்கு ஏங்கித் தோலுரிக்கும் குஞ்சைக் கடித்துவிடும். பெரிய மரவட்டையின் கால்களுக்கிடையில் ஊரும் வெளிர்நிறச் சிற்றுண்ணிகளைப் பார்த்துப் பதற வேண்டாம். ஆப்பிரிக்க மரவட்டைகளோடு ஒட்டி வாழும் அவை கெடுதல் செய்வதில்லை.

எவ்வளவு கவனித்தாலும் சில குஞ்சுகள் இறக்கும். நிறைய முட்டையிடும் உயிர்களின் வாழ்க்கை அப்படி. இதைப் பிள்ளையிடம் முதல் நாளே சொல்லி வையுங்கள், மறைக்காதீர்கள்.

விடுமுறைக்கு ஊருக்குப் போகிறவர்கள் நிறையப் பேர். நான்கு வாரம் போகிறோமே என்ற தவிப்பு வேண்டாம். நல்ல மண்ணுள்ள தொட்டியைப் புறப்படும்முன் நனைத்து, மேலே ஒரு கனத்த இலைப் படுக்கை போட்டு, வெயில் படாத அறையில் வைத்துவிட்டுப் போங்கள். பக்கத்து வீட்டுக்காரரிடம் சாவி இருந்தால், நடுவில் ஒரு முறை ஒரு மூலையில் ஒரு டம்ளர் தண்ணீர் ஊற்றச் சொல்லுங்கள். காய்கறி எதுவும் வைக்க வேண்டாம் என்றும் சொல்லுங்கள். ஜன்னலோரம் மட்டும் வேண்டவே வேண்டாம். கண்ணாடித் தொட்டி வெயிலில் ஒரு மத்தியானத்துக்குள் சூளையாகிவிடும். குஞ்சுகளைப் பெட்டியில் ஒளித்து ஊருக்குக் கொண்டுபோகும் யோசனை பிள்ளைகளுக்கு வரும். விடாதீர்கள். அங்கே பார்ப்பதற்கு அவர்களுக்கு வேறு மரவட்டைகள் இருக்கின்றன. தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் கூரை வீடுகளின் ஓலைக்குள் வாழும் கறுப்பும் சிவப்புமான ஜீனோபோலஸ் கார்னிஃபெக்ஸை, மழை பெய்த மறுநாள் தாத்தாவே காட்டிக் கொடுப்பார்.

இன்னொன்றும் யோசித்து முடிவெடுங்கள். இந்த இனம் பல ஆண்டுகள் வாழும். இன்று இரண்டாம் வகுப்பில் இருக்கும் பிள்ளை உயர்நிலைப் பள்ளிக்குப் போன பிறகும் தொட்டி வீட்டில் இருக்கலாம். பருவத்துக்கு வந்த ஆணும் பெண்ணும் சேர்ந்திருந்தால் ஒரே பெண் நூற்றுக்கணக்கில் முட்டையிடும். ஆணை அடையாளம் காண்பது எளிது: ஏழாவது வளையத்தில் நடக்கும் கால்கள் இல்லாமல் ஓர் இடைவெளி தெரியும். குஞ்சுப் பருவத்தில் இது தெரியாது. பெருகுவது பிடிக்காதவர்கள் அடையாளம் தெரியத் தொடங்கும்போதே பிரித்து வைத்துவிடுங்கள்.

கூடிவிட்டால் தோட்டத்தில் விட்டுவிடலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். இந்த நாட்டுக்குச் சொந்தமில்லாத விலங்கை வெளியில் விடுவது 1981ஆம் ஆண்டு வனவுயிர்ச் சட்டப்படி குற்றம். ஆப்பிரிக்க மரவட்டை இங்கத்திய குளிரில் செத்துப்போகும் என்பது உண்மைதான். ஆனால் அதன் மண்ணோடு சேர்ந்து போகிற மற்ற உயிர்கள் சாகும் என்று யாரும் உறுதி சொல்ல முடியாது. போர்த்துக்கீசிய மரவட்டை 1953ல் தெற்கு ஆஸ்திரேலியாவின் போர்ட் லிங்கனில் முதலில் தென்பட்டது. இன்று அது அந்த நாட்டின் பல பகுதிகளில் இலையுதிர்கால மழைக்குப் பின் கூட்டம் கூட்டமாக வீடுகளுக்குள் நுழைகிறது. தண்டவாளத்தில் நசுங்கி ரயில் சக்கரங்களை வழுக்கவும் வைத்திருக்கிறது. மிஞ்சிய குஞ்சுகளை, மண்ணோடு சேர்த்து, வளர்க்கத் தெரிந்த இன்னொருவரிடம் கொடுங்கள். பழைய மண்ணைக் கொட்டுவதற்கு முன் உறைபெட்டியில் சில நாள் வைத்துவிட்டுக் குப்பையில் போடுங்கள்.

கடைசியாக, பெற்றோர் வழியாகப் பள்ளி ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். குஞ்சுகளைப் பகிர்ந்து கொடுப்பது அருமையான காரியம். அதை நிறுத்தச் சொல்லவில்லை. குஞ்சுகளை எண்ணி எடுத்து நார்த்தூளில் போட்டுக் கொடுப்பதற்குப் பதிலாக, தொட்டியிலிருந்து ஒரு சிறு மண்வாரியளவு மண்ணைக் குஞ்சுகளோடு அப்படியே அள்ளி டப்பாவில் போடுங்கள். டப்பாவின் பாதிக்குமேல் அந்த மண் இருக்கட்டும், மேலே ஒரு கைப்பிடி ஓக் இலை. எத்தனை குஞ்சு போனது என்ற கணக்கு தெரியாமல் போகும், பரவாயில்லை. மே மாதமே பிள்ளைகளிடம் சொல்லிவிட்டால் ஜூலைக்குள் அவர்கள் வீட்டில் தொட்டியும் மண்ணும் தயாராக இருக்கும். தமிழ்ப் பள்ளிக்கு வருகிற எவருக்கும் தேவைப்பட்டால், என் தொட்டிகளிலிருந்து பழைய மண் ஆளுக்கு ஒரு பை தருகிறேன். டப்பாவைக் கையோடு கொண்டு வாருங்கள்.

அன்புடன்,
உங்களோடு வாசலில் நிற்கும் ஒரு தாய்